பத்து நாள் விடுப்பு

அத்தியாயம் 7

செத்துப்போனவரே வந்து கதவைத் திறந்தார்.

அமீனாவுக்கு அது உடனே உறைக்கவில்லை. எதிரே நின்றவருக்கு எழுபத்தைந்து வயதிருக்கும். ஒரு கன்னம் வழித்து முடிந்திருந்தது, மறு கன்னத்தில் நுரை. தோளில் துண்டு, கையில் ரேசர்.

"யாரு வேணும்?"

"இந்த வீட்டுல போன மாசம் மூணாம் தேதி ஒருத்தர் காலமானார். அவரோட இறப்புச் சான்றிதழ்ல ஒரு நகல் வேணும். கோர்ட்டு விஷயம். நாளைக்குக் காலையில பத்தரைக்குக் கேஸ்."

"இந்த வீட்டுலயா? இங்க நான் ஒருத்தன்தானே இருக்கேன்."

"கோயில் அர்ச்சகரோட சித்தப்பா..."

"எந்த அர்ச்சகர்? அண்ணனும் தம்பியுமா ஒரே கோயில்ல பூஜை பண்றாங்களே, அவங்களா?"

"அவங்களேதான்."

பெரியவர் ரேசரை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார். "அவங்களுக்கு இருக்கிறது ஒரே சித்தப்பா. அது நான்தான்."

வாசலில் ஸ்கூட்டரை நிறுத்திவிட்டு வந்த உதவியாள், ஓயாத வாய்க்காக ரேடியோ என்று பெயர் வாங்கியவள், அமீனாவின் தோளுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள்.

"நகல் கேட்டு வந்தோம் சார். ஒரிஜினலே கிடைச்சிருச்சு."

அமீனா அவளை ஒரு பார்வை பார்த்தார். அந்தப் பார்வைக்கு எட்டு வருஷமாக அவள் அடங்கியதில்லை.

இருபது வருஷம் கோர்ட்டு அமீனாவாகச் சம்மன் கொண்டுபோய்க் கொடுத்தவர் அவர். வேலையை விட்டுத் துப்பறியும் தொழிலுக்கு வந்த பிறகும் அமீனா என்ற பெயர் சட்டை மாதிரி ஒட்டிக்கொண்டது. அண்ணனுக்கு எதிராகத் தம்பி, அப்பாவுக்கு எதிராக மகன் என்று எத்தனையோ வீட்டுக் கதவைத் தட்டியிருக்கிறார். ஆனால் செத்தவர் வந்து திறந்த கதவு இதுதான் முதல்.

கேஸ் சின்னதுதான். மூத்த அர்ச்சகர் இருபத்தாறு வருஷம் பூஜை செய்த கோயில். போன மாதம் மூன்றாம் தேதி விடிகாலையில் சித்தப்பா இறந்துவிட்டதாகச் செய்தி வந்தது. அப்பாவின் தம்பி, பங்காளி. பத்து நாள் தீட்டு. அர்ச்சகர் கொடிமரத்தைத் தாண்டி உள்ளே காலெடுத்து வைக்கக் கூடாது. அவர் வைக்கவில்லை. பதினோராம் நாள் குளித்துவிட்டுக் கருவறையைத் திறக்கப் போனால் பூட்டு மாறியிருந்தது. முறையாக விடுப்புப் பதிவு செய்யாமல் பத்து நாள் வராதவர் வேலையை விட்டுப் போனவராகவே கருதப்படுவார் என்று நிர்வாகத்தின் கடிதம் கதவில் ஒட்டியிருந்தது.

கேஸை நடத்தும் வக்கீலம்மா அமீனாவிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். சாவு நடந்ததற்கு ஒரு சான்றிதழ். அது கையில் இருந்தால் அவர் வேலையை விட்டுப் போகவில்லை, துக்கத்தில் இருந்தார் என்று ஆகிவிடும்.

இப்போது அந்தச் சாவு பாதி முகச் சவரத்தோடு நின்றுகொண்டிருந்தது.

"எனக்காகப் பத்து நாள் உட்கார்ந்தானா?" அமீனா நடந்ததைச் சொன்னதும் பெரியவர் கேட்டார்.

"உட்கார்ந்தார். தரையில படுக்கை. ஒருவேளைச் சாப்பாடு."

பெரியவர் துண்டால் நுரையைத் துடைத்தார். வழிக்காத கன்னம் வெள்ளைத் தாடியோடு அப்படியே இருந்தது. "அவங்கப்பனுக்கும் எனக்கும் பேச்சு நின்னு பத்தொன்பது வருஷம். ஒரு ஃபோன் கிடையாது, ஒரு கடுதாசி கிடையாது. சின்ன வயசுல இந்தத் தோள்ல ஏறிக்கிட்டுத்தான் ஊரைச் சுத்துவான். அழுதானா?"

"அழுதார்னுதான் சொன்னாங்க."

"என்னால அவன் வேலை போச்சா?"

"நீங்க நிஜமாவே செத்திருந்தா போயிருக்காதுங்க," என்றாள் ரேடியோ. சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

பெரியவர் சிரித்துவிட்டார். "நாளைக்கு நானே கோர்ட்டுக்கு வரட்டா?"

"நீங்க வந்தா, இல்லாத சாவைச் சொல்லி லீவு போட்டவர்னு அவர் தலையில எழுதிருவாங்க," என்றார் அமீனா.

"வராட்டி?"

"வராட்டி, சான்றிதழ் எங்கேன்னு கேட்டு அதையேதான் எழுதுவாங்க."

"செத்தும் கெடுத்தேன், சாகாமலும் கெடுத்தேனா?" என்றபடி பெரியவர் மீதிக் கன்னத்தைப் பார்க்க உள்ளே போனார்.

ஸ்கூட்டர் கிளம்பியது. பின்னால் உட்கார்ந்திருந்த அமீனா விரல்விட்டு எதையோ எண்ணிக்கொண்டே வந்தார்.

"சார், தூங்கிட்டீங்களா? விழுந்தா சொல்லிட்டு விழுங்க."

"ஏன் சித்தப்பா?" என்றார் அவர்.

"என்னது?"

"பொய்ச் சாவு சொல்றவன் யாரை வேணாலும் சாகடிச்சிருக்கலாம். மாமாவைச் சாகடிச்சா மூணு நாள். அத்தைக்கும் அப்படித்தான். பங்காளி செத்தாத்தான் முழுசாப் பத்து நாள். நிர்வாகத்தோட விதியிலயும் பத்து நாள். அளவெடுத்துத் தச்ச மாதிரி இருக்கு. அதுவும் சொந்தத்துலயே பேச்சுவார்த்தை இல்லாத ஒரே ஆள். யாரும் போய்ப் பார்க்க மாட்டாங்க, ஃபோன் பண்ண மாட்டாங்க."

"அப்போ வீட்டு விவரம் தெரிஞ்ச ஆளு."

"செய்தியை முதல்ல கேட்டது யாரு?"

"இளைய அர்ச்சகர். அவர்தானே அண்ணனுக்குச் சொன்னது. ஆனா சார், அவரும் பங்காளிதான். அவருக்கும் பத்து நாள். ரெண்டு பேரும் சேர்ந்தே உட்கார்ந்தாங்களே. குழி வெட்டறவன் தானும் உள்ள இறங்கி உட்காருவானா?"

"கோயிலுக்குப் போ."

உச்சிவேளைக்கு நடை சாத்தப் போகிற நேரம். செருப்பை வாசலில் விட்டுவிட்டு அமீனா வெளி மண்டபத்துத் தூணோரம் நின்றார். கும்பிட்டுவிட்டு வருகிறேன் என்று ரேடியோ உள்ளே போனாள்.

இளையவர் ஈரத் துண்டோடு வந்தார். நாற்பது வயது. முகத்தில் தூக்கமில்லாத களைப்பு. அண்ணன் வெளியே போனதிலிருந்து பூஜை முழுக்க அவர் கையில்தான்.

"சித்தப்பா உயிரோட இருக்கார்," என்றார் அமீனா.

இளையவர் தூணைப் பிடித்துக்கொண்டார். அப்படியே கீழே உட்கார்ந்தார். "என்ன சொல்றீங்க?"

"உங்களுக்கு யாரு சொன்னது?"

"ஃபோன் வந்தது. தெரியாத நம்பர். உங்க சித்தப்பா போயிட்டார், எல்லாம் முடிஞ்சிருச்சு, வர வேண்டாம்னாங்க. நான் உடனே அண்ணனுக்குச் சொன்னேன். அப்போ மணி அஞ்சே முக்கால் இருக்கும். அவர் நடை திறக்கக் கிளம்பிட்டிருந்தார்." கண்ணைத் துடைத்தார். "எவன் இந்த வேலை பார்த்தான்? அண்ணனோட நானும்தானே ஏமாந்தேன். அவர் வீட்டுக் கூடத்துல பத்து நாள் அவர் பக்கத்துலயே கிடந்தேன்."

"கோயிலுக்கு வரவே இல்லை?"

"எப்படிங்க வருவேன்? தீட்டாச்சே. கொடிமரம் தாண்டலாமா?"

"லீவு விஷயம்?"

"அண்ணன் சொன்னபடி மேனேஜருக்கு நான்தான் ஃபோன் பண்ணேன், ரெண்டு பேருக்கும் சேர்த்து. சரின்னார். இப்ப அண்ணனைப் பத்திச் சொல்லவே இல்லைங்கறார். நாளைக்குக் கூண்டுல ஏறி நான் சொல்றேன். வக்கீலம்மா சாயந்தரம் வரச் சொல்லியிருக்காங்க."

ரேடியோ நெற்றியில் திருநீறோடு திரும்பி வந்தாள்.

"சார், கருவறைக் கதவுக்குப் பக்கத்துல ஒரு பெட்டி நீலமா கண் சிமிட்டுது. சாமியோ என்னமோன்னு அதுக்கும் ஒரு கும்பிடு போட்டேன். விரலை வைக்கவும்னு பேசுது."

இளையவர் அந்த அழுகைக்கு நடுவிலும் சிரித்தார். "வருகைப்பதிவு மெஷினும்மா. போன வருஷம் மாட்டினாங்க. வந்தா விரல், போனா விரல், லீவுன்னாலும் அதுலதான் விரல் வச்சு எத்தனை நாள்னு அழுத்தணும். வாயால சொன்னா செல்லாதாம்."

"கெட்டியாத்தான் மாட்டியிருக்காங்க. நாலு போல்ட்டு. திருடன் உண்டியலைத் தூக்கினாலும் இதைத் தூக்க முடியாது."

அமீனா செருப்பை மாட்டிக்கொண்டார். இரண்டடி போனவர் நின்று கொடிமரத்தைப் பார்த்தார். அதைத் தாண்டி உள்ளே இருட்டில், கருவறை வாசலில், நீலப் புள்ளி ஒன்று அணைந்து அணைந்து எரிந்துகொண்டிருந்தது.

"என்ன சார்?"

"ஒண்ணுமில்ல. வக்கீலம்மாகிட்ட போவோம்."

வக்கீலம்மா கோர்ட்டிலிருந்து திரும்பும்போது சாயந்தரம் ஆகிவிட்டது. அவருடைய ஆபீஸ் மாடியில். நாற்காலிகளைவிடக் கேஸ் கட்டுகள் அதிகம். மூத்தவர் பெஞ்சின் நுனியில் உட்கார்ந்திருந்தார். ஐம்பது வயது. இரண்டு கைகளையும் மடியில் வைத்திருந்தார், என்ன செய்வதென்று தெரியாத கைகள். தினமும் மூன்று வேளை விளக்கும் பாத்திரமும் பூவுமாக இருந்தவை அவை.

அமீனா விஷயத்தைச் சொன்னார்.

மூத்தவர் எழுந்துவிட்டார். "உயிரோட இருக்காரா? சித்தப்பாவா? நல்லா நடக்கிறாரா?"

"தானே சவரம் பண்ணிக்கிறார்."

"கண்ணு தெரியுதா? என்னைக் கேட்டாரா?" அவர் முகம் அப்படி மலர்ந்ததை அந்த ஒரு மாதத்தில் யாரும் பார்த்ததில்லை. "கூப்பிட்டுப் பேசணுமே. நம்பர் வாங்கினீங்களா?"

"சந்தோஷப்படாதீங்க," என்றார் வக்கீலம்மா. "அவர் பிழைச்சிட்டார், நம்ம கேஸ் செத்துருச்சு. எதிர்த்தரப்பு வக்கீலுக்கு இது தெரிஞ்சா நாளைக்குப் பதினொரு மணிக்குள்ள நம்மைச் சுருட்டி வாசல்ல வச்சிருவார். கோயில் குடியிருப்பையும் காலி பண்ணணும். இனி எந்தக் கோயிலும் உங்களை எடுக்காது. பொய்த் தீட்டு சொன்னவர்னு பேராயிடும்."

மலர்ந்த முகம் மெல்ல அடங்கியது. ஆனாலும் அவர், "உயிரோட இருக்காரே, அது போதும்," என்று தனக்குள் சொல்லிக்கொண்டது அமீனாவின் காதில் விழுந்தது.

அந்த நேரம் இளையவர் படியேறி வந்தார். அண்ணனின் பக்கத்தில் போய் நின்றார். "அண்ணா, கேட்டியா?" என்று தோளைத் தொட்டார். மூத்தவர் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அம்மா, நிர்வாகம் தாக்கல் பண்ணின மெஷின் ரிக்கார்டு உங்ககிட்ட இருக்கா?" என்று அமீனா கேட்டார்.

"மூணு பக்கம். முழுக்க எண்தான். இவர் நம்பர் ஒண்ணு. மூணாம் தேதியிலிருந்து அவர் பேர்ல ஒரு வரியும் கிடையாது. அதைக் காட்டத்தான் தாக்கல் பண்ணியிருக்காங்க. நானும் அவர் நம்பரை மட்டும்தான் தேடிப் பார்த்தேன்."

"கொடுங்க." வாங்கிக்கொண்டு அமீனா மூத்தவரிடம் திரும்பினார். "ஒரு சந்தேகம். நீங்க லீவைப் பதிவு பண்ணலைன்னுதானே வேலையை எடுத்தாங்க. ஒரு விரலை வச்சுட்டு வந்திருந்தா முடிஞ்சுதே. ஏன் வைக்கலை?"

மூத்தவர் அவரைக் குழந்தையைப் பார்ப்பது போலப் பார்த்தார். "அந்தப் பெட்டி கருவறை வாசல்ல இருக்குங்க. தீட்டோட அங்க எப்படிப் போறது?"

"வேலை போகும்னு தெரிஞ்சிருந்தா?"

"தெரிஞ்சிருந்தாலும்தான். வேலைன்னா என்ன, சாமிகிட்ட நிக்கிறதுதானே. அங்கேயே தீட்டோட போய் நின்னுட்டு அப்புறம் எதுக்கு வேலை?"

"உங்க தம்பி?"

"அவனும் போகலை. மேனேஜர் ஃபோன்லயே அவனுக்குச் சரின்னுட்டாராம்."

அமீனா தாளை மேஜையில் விரித்தார். விரலை ஒரு வரியில் வைத்தார். "அம்மா, நாலாம் நம்பர் யாரு?"

வக்கீலம்மா வேறொரு தாளைப் புரட்டினார். புரட்டிய கை நின்றது. "இளையவர்."

"மூணாம் தேதி. காலை ஆறு பன்னிரண்டு. நாலாம் நம்பர். விடுப்பு, பத்து நாள்."

வக்கீலம்மா தாளைத் தன் பக்கம் இழுத்தார்.

"அஞ்சே முக்காலுக்கு அண்ணனுக்கு ஃபோன். ஆறு பன்னிரண்டுக்குக் கருவறை வாசல்ல விரல்," என்றார் அமீனா. "கொடிமரம் தாண்டலைன்னு என்கிட்ட மத்தியானம் சொன்னீங்க."

இளையவர் அண்ணனைப் பார்த்தார்.

ரேடியோவுக்கே பொறுக்கவில்லை. "சார், பயந்துபோயிருக்கலாமே. வேலை போயிருமோன்னு தீட்டோட ஓடிப்போய் வச்சுட்டு வந்திருக்கலாம். அதை வெளிய சொல்ல வெட்கமா இருந்திருக்கும்."

"அப்படிச் சொல்லாதேம்மா!" மூத்தவர் சட்டென்று குரலை உயர்த்தினார். "என் தம்பியை உனக்குத் தெரியாது. எங்கம்மா செத்தப்ப இவனுக்குக் காய்ச்சல் நூத்தி மூணு. கோயில் மதில் ஓரமா போனா ஆஸ்பத்திரி பக்கம்னு சொன்னேன், மாட்டேன்னுட்டான். தன் நிழல்கூட உள்ள விழக் கூடாதுன்னு ஊரைச் சுத்திப் போனவன். தலையே போனாலும் இவன் தீட்டோட உள்ள கால் வைக்க மாட்டான். எந்தக் கோர்ட்டுலயும் நான் சொல்வேன். தீட்டுன்னு இவன் நம்பியிருந்தா..."

அவர் நிறுத்தினார்.

அமீனா குனிந்து மேஜையைப் பார்த்தார். அதைச் சொல்லத்தான் அவர் வாய் திறக்க இருந்தார். மூத்தவரே சொல்லி முடித்துவிட்டார்.

தம்பியின் கையைப் பிடித்திருந்த கை ஒவ்வொரு விரலாக விட்டது.

"தீட்டு இல்லைன்னு உனக்குத் தெரியும்," என்றார் மூத்தவர்.

இளையவர் சுவரோரம் நகர்ந்தார்.

"பத்து நாள் என் பக்கத்துல படுத்திருந்தியே. ராத்திரி நான் சித்தப்பாவைப் பத்திப் பேசினப்ப ஊம் கொட்டினியே."

"அண்ணா..."

"யாருடா ஃபோன் பண்ணினது?"

"யாரும் பண்ணலை." இளையவர் தரையைப் பார்த்துச் சொன்னார். "மேனேஜர்தான் கேட்டார். என்ன நடந்தா உங்க அண்ணன் பத்து நாள் வராம இருப்பார்னு கேட்டார். நான் சொன்னேன். அவ்வளவுதான். மீதியெல்லாம் அவர் சொல்லிக் கொடுத்தார். எனக்கு நிரந்தர ஆணை தர்றேன்னார். நீ இருக்கிற வரைக்கும் நான் மணி அடிக்கிறவன்தான் அண்ணா. இருபத்திரண்டு வருஷமா பக்கத்துல நின்னு மணி அடிக்கிறேன். ஒரு நாள், ஒரே ஒரு நாள் நீ தட்டை என் கையில கொடுத்திருக்கியா?"

வக்கீலம்மா ஒரு கட்டைப் பிரித்தார். உள்ளேயிருந்து ஒரு கடிதத்தை எடுத்து இளையவர் முன்னால் வைத்தார். "ஆறு மாசம் முன்னாடி உங்க அண்ணன் நிர்வாகத்துக்கு எழுதினது. நிர்வாகத்துக்கு அவர் மேல கோபம் வந்ததே இதனாலதான். படிங்க."

இளையவர் படிக்கவில்லை. மூத்தவர்தான் பார்க்காமல் சொன்னார். "தம்பிக்கு ஆணை கொடுங்க, தலைமைப் பூஜையை அவன் பேருக்கு மாத்துங்க, இல்லைன்னா நான் கோர்ட்டுக்குப் போவேன்னு எழுதினேன். கிடைச்சப்புறம் உன்கிட்ட சொல்லலாம்னு இருந்தேன்."

இளையவர் கடிதத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

வக்கீலம்மா வெளி வராந்தாவுக்குப் போய் எதிர்த்தரப்பு வக்கீலை ஃபோனில் கூப்பிட்டார். சத்தமாகவே பேசினார். "உங்க ரிக்கார்டு, உங்க மெஷின், உங்க மேனேஜர். நாளைக்கு மூணையும் கூண்டுல ஏத்தறேன். கூட ஒரு சித்தப்பாவும் வருவார், உயிரோட." கால் மணி நேரத்தில் அவருடைய ஃபோன் அடித்தது. கேட்டுவிட்டு உள்ளே வந்தார்.

"வேலை நீக்கத்தை வாபஸ் வாங்கறாங்க. நாளைக்குக் கோர்ட்டுலயே எழுத்துல கொடுப்பாங்க. சாவி காலையில உங்க வீட்டுக்கு வரும். நாளைக்கு நீங்களே நடை திறக்கலாம்."

"அப்பாடா," என்றாள் ரேடியோ. "பழைய பூட்டை மட்டும் மறுபடி மாட்டச் சொல்லுங்க."

மூத்தவர் சிரிக்கவில்லை. ஒரு மாதமாக யாரைப் பார்த்தாலும், யார் விளக்கேற்றுகிறார்கள், திரி சரியாகத் திரிக்கிறார்களா என்று கேட்டவர் அவர். இப்போது அதைக்கூடக் கேட்கவில்லை.

"ஒரு தாள் கொடுங்கம்மா. பேனாவும்."

மேஜை ஓரத்தில் நின்றபடியே எழுதினார். நாலு வரி. கீழே கையெழுத்துப் போட்டார், தேதி போட்டார். மடித்து வக்கீலம்மாவிடம் கொடுத்தார்.

"மேனேஜர் கையில கொடுத்து, வாங்கிக்கிட்டதுக்குக் கையெழுத்து வாங்கிடுங்க. போன தடவை எழுத்துல தரலைன்னுதானே குத்தம்."

"என்ன இது?"

"விடுப்பு. நாளையிலிருந்து பத்து நாள். சாவி பதினோராம் நாள் வந்தாப் போதும்."

வக்கீலம்மா பிரித்துப் படித்தார். படித்துவிட்டு அவரைப் பார்த்தார். தாளை அமீனாவிடம் நீட்டினார்.

காரணம் என்ற இடத்தில் மணி மணியான கையெழுத்தில் எழுதியிருந்தது: உடன்பிறந்த தம்பி இன்று மாலை காலமானதால்.

"இப்படி எழுதினா எப்படிங்க?" என்றார் வக்கீலம்மா மெதுவாக. "இது பொய்க் காரணம்னு சொல்வாங்களே."

"போன தடவைதான் பொய். அதுக்கே முழுசா உட்கார்ந்தேன்."

வாசலில் சுவரோடு சுவராக நின்றிருந்த இளையவர், "அண்ணா," என்றார். மூத்தவர் அந்தப் பக்கம் திரும்பவில்லை. வேட்டியை ஒதுக்கிப் பிடித்துக்கொண்டார். தம்பி மேல் பட்டுவிடாமல் மறுபுறக் கைப்பிடியை ஒட்டிப் படியிறங்கினார்.

ரேடியோ பின்னாலேயே ஓடினாள். "ஐயா, எங்க போறீங்க? ஸ்கூட்டர்ல விட்டுட்டு வரேன்."

"வேண்டாம்மா, என்னைத் தொடாதே," என்றார் அவர். "போய்க் குளிக்கணும்."